பிராதில் பிழை இருந்தால் நிலம் போகுமா?

ஸ்ரீமுஷ்ணத்தில் இருக்கும் ஒரு துண்டு நிலத்துக்கு எத்தனை விலாசம் தெரியுமா? தாத்தா காலத்துக் கிரயப் பத்திரத்தில் தென்னாற்காடு ஜில்லா, சிதம்பரம் தாலுகா. அப்பா காலத்துப் பத்திரத்தில் காட்டுமன்னார்கோயில் தாலுகா. 1993-ல் தென்னாற்காடு இரண்டாகப் பிரிந்து கடலூர் மாவட்டம் வந்தது. இப்போது ஸ்ரீமுஷ்ணமே தனி வட்டம். அளவும் அப்படித்தான். பழைய பத்திரத்தில் காணி, குழி. அடுத்ததில் ஏக்கர், சென்ட். பட்டாவில் ஹெக்டேர், ஏர். போதாததற்கு 1980-களில் நிலவுடைமை மேம்பாட்டுத் திட்டம் என்று ஒன்று நடந்து பட்டாக்கள் புதிதாக எழுதப்பட்டன. அதில் ஏறிய பெயர்ப் பிழைகளுக்கும் அளவுப் பிழைகளுக்கும் இன்றும் ஜனங்கள் தாலுகா ஆபீஸுக்கு மனுவோடு அலைகிறார்கள்.

நிலம் ஒரு அடி கூட நகரவில்லை. காகிதம்தான் நகர்ந்துகொண்டே இருக்கிறது.

இப்படிப்பட்ட நிலத்தில் வரப்புத் தகராறு வந்து, ஒரு விவசாயி காட்டுமன்னார்கோயிலிலோ சிதம்பரத்திலோ வக்கீலைப் பார்த்து வழக்குப் போடுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் பிராதில் ஒரு சர்வே உட்பிரிவோ, ஒரு எல்லையோ, கேட்க வேண்டிய ஒரு பரிகாரமோ விட்டுப்போகாமல் இருந்தால்தான் ஆச்சரியம். விட்டுப்போனால் என்ன ஆகும்? திருத்திக்கொள்ளலாமே என்பீர்கள். அங்கேதான் சிக்கல். திருத்தலாமா கூடாதா என்பதை முடிவு செய்ய, பிழையால் யாருக்கு என்ன நஷ்டம் என்று சட்டம் முதலில் பார்ப்பதில்லை. நாள்காட்டியைப் பார்க்கிறது. இது அநியாயம் என்பதுதான் இந்தக் கட்டுரை.

சட்டம் என்ன சொல்கிறது?

1908-ம் வருஷத்து உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் கட்டளை 6, விதி 17. வழக்கின் எந்தக் கட்டத்திலும் பிராதையோ எதிருரையையோ திருத்திக்கொள்ள கோர்ட் அனுமதிக்கலாம் என்பது அதன் முதல் பாதி. இரு தரப்புக்கும் இடையே உள்ள உண்மையான தகராறைத் தீர்க்கத் தேவையான திருத்தங்கள் எல்லாம் செய்யப்படவே வேண்டும் என்பது இரண்டாம் பாதி. முதல் பாதியில் "லாம்", இரண்டாம் பாதியில் "வேண்டும்". தொண்ணூறு வருஷத்துக்கு மேல் இந்த விதி இப்படித்தான் இருந்தது.

1999-ல் பாராளுமன்றம் ஒரு திருத்தச் சட்டம் போட்டு இந்த விதியை முழுசாகத் தூக்கிவிட்டது. வழக்கு தாமதமாவதற்குத் திருத்த மனுக்கள்தான் காரணம் என்று சொன்னார்கள். வக்கீல்கள் நாடு முழுக்க எதிர்த்தார்கள். அந்தப் பகுதி அமலுக்கு வருவதற்குள் 2002-ல் இன்னொரு திருத்தச் சட்டம் வந்து, விதி 17-ஐ மறுபடி உட்கார வைத்தது. ஆனால் வாலில் ஒரு முடிச்சோடு. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் அனுமதிக்கக் கூடாது. உரிய கவனத்தோடு இருந்தும் முன்பே அதைச் சொல்லியிருக்க முடியவில்லை என்று கோர்ட் கருதினால் மட்டும் அனுமதிக்கலாம். 2002 ஜூலை 1 முதல் இதுதான் சட்டம்.

இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனது வேறு யாரும் இல்லை, நம்ம சேலம் வழக்கறிஞர் சங்கம். 2002 அக்டோபரிலும் 2005 ஆகஸ்டிலும் இரண்டு தீர்ப்புகள் வந்தன. வழக்கை இழுத்தடிக்கப் போடும் வெற்று மனுக்களைத் தடுப்பதுதான் இந்த முடிச்சின் நோக்கம், அதில் சட்டவிரோதம் இல்லை என்று 2005 தீர்ப்பு சொல்லிவிட்டது. இதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது. பிரதிவாதி எதிருரை தாக்கல் செய்ய அதிகபட்சம் 90 நாள் என்ற கெடு கண்டிப்பானது அல்ல, விதிவிலக்கான சூழ்நிலையில் தளர்த்தலாம் என்றும் நீதிமன்றம் சொன்னது. பிரதிவாதியின் கெடுவுக்கு இளக்கம், பிழையைத் திருத்த வந்தவருக்கு முடிச்சு!

நாள்காட்டி நீதி

நாள்காட்டி எவ்வளவு மோசமான நீதிபதி என்பதற்கு ஒரு நிஜ வழக்கைப் பாருங்கள். தமிழ்நாட்டு விவசாய நிலம் ஒன்றைப் பற்றியது. 1988-ல் வாதி, நிலம் தன் அனுபவத்தில் இருக்கிறது, பிரதிவாதி உள்ளே வரக்கூடாது என்று நிரந்தர உறுத்துக்கட்டளை கேட்டு வழக்குப் போட்டார். வழக்கு நடக்கும்போதே, 1989 ஜனவரியில், பிரதிவாதி தன்னை நிலத்தைவிட்டு வெளியேற்றிவிட்டார் என்பது அவருடைய கட்சி. 1999-ல் பிராதைத் திருத்தி, நிலம் தன்னுடையது என்ற விளம்புகையும் சுவாதீனமும் வேண்டும் என்று மனுப் போட்டார். கீழ்க் கோர்ட்டும் உயர் நீதிமன்றமும் மறுத்துவிட்டன. 2002 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. தனி வழக்காகப் போட்டு இதே பரிகாரத்தை அவர் கேட்க முடியும் என்றால், நடக்கும் வழக்கிலேயே ஏன் கேட்கக் கூடாது என்பது அதன் நியாயம். புதிய பரிகாரம் திருத்த மனு போட்ட நாளிலிருந்துதான் கேட்கப்பட்டதாகக் கொள்ளப்படும் என்றும் சொல்லி, எதிர்த்தரப்பின் காலாவதி வாதத்துக்கும் இடம் வைத்தது.

நல்ல தீர்ப்பு. ஆனால் அதில் ஒரு விஷயம் உறுத்துகிறது. 1988-ல் போட்ட வழக்கில் 1999-ல் கூட விசாரணை தொடங்கியிருக்கவில்லை! பதினோரு வருஷம். அந்த வாதிக்குச் சாதகமாக நின்ற விஷயங்களில் கோர்ட்டின் தாமதமும் ஒன்று. கோர்ட் ஒழுங்காக வேகமாக நடந்து 1992-லேயே சாட்சிக் கூண்டில் ஏற்றியிருந்தால், அவருடைய மனு "விசாரணை தொடங்கியபின் வந்த மனு". இன்றைய விதி அன்று இருந்திருந்தால், 1989-லேயே தெரிந்ததை ஏன் முன்பே சொல்லவில்லை என்று கேட்டு வாசலிலேயே திருப்பி அனுப்பியிருக்கும்.

ஆக, மெதுவான கோர்ட்டில் வழக்குப் போட்டவருக்கு நிறைய அவகாசம், வேகமான கோர்ட்டில் போட்டவருக்குக் கொஞ்சம் அவகாசம். ஒரே பிழை, ஒரே மாதிரி நிலம், ஒரே சட்டம். முடிவு மட்டும் வேறு. இது எந்த ஊர் நியாயம்?

இன்னொரு பக்கம் பாருங்கள். பம்பாய் உயர் நீதிமன்றத்தில் 1986-ல் போடப்பட்ட ஒரு வழக்கு. ஒரு கட்டுமான நிறுவனம் எல்.ஐ.சி. மீது தொடுத்தது. கேட்ட நஷ்டஈடு 1 கோடியே 1 லட்சம். 31 வருஷம் கழித்து 2017-ல் அதை 400 கோடியே 1 லட்சமாகத் திருத்த மனு. 2022 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அனுமதியை உறுதி செய்தது. தப்பு என்று சொல்ல முடியாது. 2002 ஜூலைக்கு முன் தாக்கலான பிராதுகளுக்குப் புதிய முடிச்சு பொருந்தாது. ஒப்பந்த வழக்கில் நஷ்டஈட்டைத் திருத்த எந்தக் கட்டத்திலும் அனுமதிக்கலாம் என்று குறித்தவகைத் துயர்தீர்ப்புச் சட்டத்திலும் தனியாக இடம் இருக்கிறது. சட்டப்படி சரிதான். ஆனால் காட்டுமன்னார்கோயில் கோர்ட் வராந்தாவில் நிற்கும் ஸ்ரீமுஷ்ணத்துக்காரருக்கு இதை எப்படி விளக்குவது? 31 வருஷம் கழித்து 399 கோடியை ஏற்றிக்கொள்ளலாம், ஆனால் 2010-ல் போட்ட வழக்கில், சாட்சி விசாரணை ஆரம்பித்து ஒரு மாதம் ஆகிவிட்டதால் உன் இருபது சென்ட்டைச் சேர்க்க முடியாது என்றா?

தாமதத்தை ஒழிக்க வந்த தாமதம்

"விசாரணை தொடங்கிய பிறகு" என்று சட்டம் சொல்கிறது. விசாரணை எப்போது தொடங்குகிறது? இந்த ஒரு கேள்விக்கே பல வருஷம் சண்டை. எழுவினாக்கள் வனைந்து, வழக்கைச் சாட்சியத்துக்கு வைக்கும்போது தொடங்குகிறது என்று 2005-ல் ஒரு தீர்ப்பு. சாட்சிகளை விசாரிப்பது, ஆவணம் தாக்கல் செய்வது, வாதம் என்கிற இறுதி விசாரணையைத்தான் அது குறிக்கும் என்று 2006-ல் இன்னொன்று. முதல் விசாரணைக்குப் பதிலாக நிரூபண வாக்குமூலம் தாக்கல் செய்தாலே தொடங்கிவிட்டது என்று 2009-ல் வேறொன்று. எல்லாமே உச்ச நீதிமன்றம்.

இதன் விளைவைக் கணக்குப் போடுங்கள். ஒரு திருத்த மனு. அதற்கு எதிர்மனு. விசாரணை தொடங்கிவிட்டதா இல்லையா என்று வாதம். உரிய கவனம் இருந்ததா இல்லையா என்று வாதம். உத்தரவு. தோற்றவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் சிவில் சீராய்வு மனு. அது முடியும்வரை கீழே வழக்குக்குத் தடை அல்லது வாய்தா. ஸ்ரீமுஷ்ணத்திலிருந்து சிதம்பரத்துக்கு ஏறக்குறைய 40 கிலோமீட்டர். அங்கிருந்து வழக்கு சென்னைக்குப் போய்த் திரும்ப எத்தனை வருஷம் என்பதை எந்தக் கிலோமீட்டர் கல்லும் சொல்லாது. திருத்தத்தை அனுமதித்து, எதிர்த்தரப்புக்குக் கூடுதல் எதிருரைக்கு நாள் கொடுத்திருந்தால் சில வாரங்களில் முடியும் விஷயம். விதி 18-ன்படி அனுமதி கிடைத்தவர், வேறு கெடு சொல்லப்படாவிட்டால், 14 நாளில் திருத்தியாக வேண்டும். திருத்தத்துக்கு 14 நாள். திருத்தலாமா என்ற சண்டைக்கோ கெடுவே இல்லை!

யாருடைய கவனம்?

இப்போது முக்கியமான இடம். உரிய கவனம் என்கிறது சட்டம். யாருடைய கவனம்?

பிராது எப்படி உருவாகிறது என்பது கோர்ட் வாசலில் டைப்பிங் கடை வைத்திருப்பவருக்குக் கூடத் தெரியும். கட்சிக்காரர் மஞ்சள் பையில் பத்திரங்களைக் கொண்டுவந்து கொடுக்கிறார். குமாஸ்தா குறிப்பெடுக்கிறார். ஜூனியர் எழுதுகிறார். பழைய வழக்கின் பிராதைத் திறந்து பெயரை மாற்றி டைப் செய்வதும் உண்டு. கடைசியில் விரலால் காட்டி, இங்கே கையெழுத்துப் போடுங்க, இங்கே, இங்கே. மேலே கண்டவை யாவும் உண்மை என்ற வரிக்குக் கீழேயும் அவர் கையெழுத்துதான். இங்கிலீஷில் இருந்தால் அவர் படிக்கப் போவதில்லை. தமிழில் இருந்தாலும் "உறுத்துக்கட்டளை", "விளம்புகை" என்ற வார்த்தைகளைப் பார்த்து என்ன புரியும்?

அந்த இரண்டு வார்த்தைக்கும் நடுவில்தான் நிலங்கள் தொலைகின்றன. வெறும் உறுத்துக்கட்டளை கேட்டால் கோர்ட் கட்டணம் சொற்பம். நிலம் என்னுடையது என்று விளம்புகையும் கேட்டால் சொத்தின் மதிப்பை ஒட்டிக் கட்டணம். தமிழ்நாட்டில் 2017-க்கு முன் நூற்றுக்கு 7.50 ரூபாய் வீதம், அதன்பின் 3 ரூபாய். செலவு குறைய என்று வெறும் உறுத்துக்கட்டளையோடு வழக்குப் போடுகிறார்கள். பிரதிவாதி வந்து, அந்த நிலமே இவருடையது அல்ல என்கிறார். அப்படி உடைமையே கேள்விக்குள்ளாகிவிட்டால் வெறும் உறுத்துக்கட்டளை வழக்கு போதாது, விளம்புகை கேட்க வேண்டும் என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் விளக்கமாகச் சொல்லியிருக்கிறது. எதிருரையைப் படித்த அன்றைக்கே திருத்த மனு போட வேண்டியது வக்கீலின் வேலை. போடவில்லை என்றால்? குறுக்கு விசாரணை நடக்கும்போது ஞாபகம் வந்தால்? "உரிய கவனம் இல்லை, மனு தள்ளுபடி." கவனம் இல்லாமல் போனது வக்கீலுக்கு. நிலம் இல்லாமல் போவது கட்சிக்காரருக்கு.

2012 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்த்த இன்னொரு வழக்கு இதைவிட உறுத்தும். ஆந்திரத்து வழக்கு. கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றக் கேட்டவர்கள் தொடுத்தது. ஒப்பந்தப்படி நடக்கத் தாங்கள் எப்போதும் தயாராகவும் விருப்பமாகவும் இருந்தோம் என்ற வரி பிராதில் இருக்க வேண்டும் என்பது அப்போதைய சட்டம். அந்த வரி இல்லை. வாதங்கள் முடிந்த கட்டத்தில்தான் கவனித்து, டைப்பிங் பிழை என்று சொல்லித் திருத்த மனு போட்டார்கள். கீழ்க் கோர்ட் மறுத்தது, உயர் நீதிமன்றம் அனுமதித்தது, உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. ஒரு வாக்கியமே விட்டுப்போவது டைப்பிங் பிழை ஆகாது, இது கவனமின்மை என்றது. 2002 முடிச்சைப் படித்தால் வேறு மாதிரி தீர்ப்பு வந்திருக்க முடியாது.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. 2018-ல் பாராளுமன்றம் குறித்தவகைத் துயர்தீர்ப்புச் சட்டத்தையே திருத்தியது. பிராதில் அப்படி எழுதியிருக்க வேண்டும் என்ற நிபந்தனையை எடுத்துவிட்டு, நிரூபித்தால் போதும் என்று மாற்றியது. எந்த வாக்கியம் இல்லை என்பதற்காகத் திருத்தம் மறுக்கப்பட்டதோ, அந்த வாக்கியமே தேவையில்லை என்று ஆறு வருஷத்தில் சட்டம் சொல்லிவிட்டது! தேவையே இல்லாமல் போகக்கூடிய ஒரு வரிக்காக வழக்கின் கழுத்தைப் பிடிக்கும் விதி எப்படி நியாயமான விதி ஆகும்?

கணக்குப் புத்தகம் சொல்லும் பாடம்

வணிகவியல் படிக்கும் ஒவ்வொருவரும் பிழைத்திருத்தம் என்ற பாடத்தைத் தாண்டித்தான் வந்திருப்பார்கள். இருப்பாய்வு தயாரிப்பதற்கு முன் பிழை தெரிந்தால் ஒரு முறை. இருப்பாய்வுக்குப் பின் தெரிந்தால் அனாமத்துக் கணக்கு வழியாக ஒரு முறை. இறுதிக் கணக்குகள் தயாரித்த பிறகு தெரிந்தால் இன்னொரு முறை. மூன்று கட்டத்துக்கும் வழி வேறு. ஆனால் எந்தக் கட்டத்திலும், காலம் கடந்துவிட்டது, பிழையோடு வாழப் பழகிக்கொள் என்று எந்தப் புத்தகமும் சொல்வதில்லை. கணக்கு உண்மையைக் காட்ட வேண்டும் என்பதுதான் அங்கே முதல் விதி.

வருமானவரியை எடுத்துக்கொள்ளுங்கள். தாக்கல் செய்த கணக்கில் விட்டுப்போனதைச் சேர்க்கத் திருத்திய கணக்கு உண்டு. 2022 முதல், கெடு தாண்டியவர்களுக்கும் கூடுதல் வரி கட்டி, புதுப்பித்த கணக்கு தாக்கல் செய்ய வழி வந்தது. லேட்டா வந்தியா, காசைக் கட்டு, உண்மையைச் சொல்லு. அரசாங்கம் தனக்கு வரவேண்டிய பணம் என்றால் இவ்வளவு புத்திசாலித்தனமாக யோசிக்கிறது. குடிமகனின் நிலம் என்றால் மட்டும் கதவைச் சாத்திவிடுகிறது.

எதிர்வாதங்கள்

திருத்த மனுவை வைத்து வழக்கை இழுத்தடிக்கும் ஆசாமிகள் இல்லையா? நிச்சயம் இருக்கிறார்கள். தீர்ப்பு வரப்போகிறது என்று தெரிந்ததும் புதிதாக ஒரு உயிலைக் கண்டுபிடித்து எதிருரையைத் திருத்தக் கிளம்பும் பிரதிவாதிகள் எல்லா ஊர்க் கோர்ட்டிலும் உண்டு. வழக்கு நீள நீள அனுபவத்தில் இருப்பவருக்கு லாபம். அவர்களைத் தடுக்க வேண்டியதுதான். ஆனால் அதற்குத் தேதி உதவாது. கெட்ட எண்ணத்தோடு விசாரணைக்கு முந்தின நாள் வருபவர் உள்ளே போய்விடுகிறார். நல்ல எண்ணத்தோடு விசாரணைக்கு மறுநாள் வருபவர் வெளியே நிற்கிறார். போதாக்குறைக்கு, பிராதைத் திருத்துவதைவிட எதிருரையைத் திருத்துவதில் தாராளமாக இருக்க வேண்டும், ஒன்றுக்கொன்று முரணான எதிர்வாதங்களைக்கூடச் சேர்க்கலாம் என்பதும் உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடுதான். இழுத்தடிப்பால் லாபம் அடைகிறவர் பெரும்பாலும் எந்தப் பக்கம் இருக்கிறாரோ, அந்தப் பக்கத்துக்குத்தான் வாசல் அகலம்.

இன்னொரு எதிர்வாதம்: திருத்தம் மறுக்கப்பட்டால் என்ன, வழக்கை வாபஸ் வாங்கிப் புதிதாகப் போடலாமே? கட்டளை 23-ல் அதற்கு வழி இருக்கிறது. ஆனால் அதற்கும் கோர்ட் அனுமதி வேண்டும். புதிய வழக்கு என்றால் புதிய கட்டணம், புதிய சம்மன், புதிய எதிருரை, பழைய சாட்சிகள். அந்தச் சாட்சிகளில் பாதிப்பேர் அதற்குள் செத்துப்போயிருப்பார்கள். நடுவில் காலாவதி வேறு காத்திருக்கிறது. ஒரு வரியைத் திருத்தாமல் ஒரு வழக்கையே மறுபடி நடத்தச் சொல்வது தாமதத்தைக் குறைக்கும் லட்சணமா?

வெறும் எழுத்துப் பிழைகளைக் கோர்ட்டுகள் சாதாரணமாகத் திருத்திக் கொடுத்துவிடுகின்றனவே என்றும் சொல்லலாம். ஆமாம், அந்த அதிகாரம் 152, 153-ம் பிரிவுகளிலேயே இருக்கிறது. சண்டை வருவது, எதிர்த்தரப்பு, இது எழுத்துப் பிழை அல்ல, சொத்தையே மாற்றுகிறார்கள் என்று சொல்லும்போதுதான். மூன்று தாலுகாவும் மூன்று அளவுமுறையும் பார்த்த நிலத்தில் அப்படிச் சொல்வது ரொம்பச் சுலபம்.

என்ன செய்ய வேண்டும்?

ஒரே ஒரு கேள்வியை மாற்றினால் போதும். விசாரணை தொடங்கிவிட்டதா என்று கேட்பதை விட்டுவிட்டு, இந்தத் திருத்தத்தால் எதிர்த்தரப்புக்குப் பணத்தால் ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா என்று சட்டம் கேட்க வேண்டும். வராது என்றால் எந்தக் கட்டத்திலும் அனுமதி. வரும் என்றால் முதல் நாளிலேயே மறுப்பு. ஒப்புக்கொண்ட விஷயத்தைத் திரும்பப் பெறுவது, காலாவதியான உரிமையைப் பின்வாசலால் கொண்டுவருவது, இவையெல்லாம் மறுப்புக்கு உரியவை. இது புதுக் கண்டுபிடிப்பு இல்லை. 2002-க்கு முன் கோர்ட்டுகள் காலங்காலமாகப் பயன்படுத்திய அளவுகோல்தான்.

அடுத்தது செலவுத்தொகை. அதை ஏன் விதிக்க வேண்டும் என்று 2009-ல் ரேவாஜீத்து பில்டர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது: கெட்ட எண்ணத்தோடு வரும் மனுக்களைத் தடுக்கவும், எதிர்த்தரப்பின் அலைச்சலுக்கு ஈடுகட்டவும். அப்படியென்றால் பெயருக்கு ஒரு தொகை போட்டுவிட்டுப் போகக் கூடாது. எதிர்த்தரப்பின் வக்கீல் பீஸ், சாட்சியை மறுபடி அழைக்கும் செலவு, எல்லாம் சேர்த்து உண்மையான தொகை வேண்டும். பிழை வக்கீலுடையது என்று தெரிந்தால் அந்தத் தொகையை அவர்தான் கட்ட வேண்டும். இழுத்தடிக்க வருபவருக்கு அந்தத் தொகை உறைக்கும். பிழையில் மாட்டியவருக்கு நிலமாவது மிஞ்சும்.

மூன்றாவது, சட்டத் திருத்தமே தேவைப்படாதது. பிராதில் கையெழுத்து வாங்கும் முன் அதைக் கட்சிக்காரருக்குத் தமிழில், சொத்து விவரத்தோடு, வாய்விட்டுப் படித்துக் காட்டுவது. இந்த நாலு எல்லையும் சரியா, இந்த அளவு சரியா, உங்களுக்கு வேண்டியது இதுதானா என்று கேட்பது. அரைமணி நேர வேலை. அந்த அரைமணியைச் செலவிடாத வக்கீலின் மறதிக்கு உரிய கவனமின்மை என்று பெயர் வைத்து, அதை வரப்பில் நிற்பவர் தலையில் கட்டுவதைத்தான் 2002 முதல் சட்டம் செய்துகொண்டிருக்கிறது.

கோர்ட் என்பது யார் பிராது அழகாக எழுதினார் என்று மார்க் போடும் பரீட்சை ஹால் அல்ல. நிலம் யாருடையது என்ற கேள்விக்குப் பதில் சொல்லும் இடம். அந்தப் பதில், வக்கீல் எந்தத் தேதியில் விழித்துக்கொண்டார் என்பதைப் பொறுத்து மாறக் கூடாது.